பச்சைக் கரைத் துண்டு

"நாந் தொட்டா உங்களுக்கு நோவுமுங்களா, சின்னம்மணி?"

ஏழு வயதுப் பிள்ளை ஒன்று இருபது வருஷத்துக்கு முன்னால் கேட்ட கேள்வி. ரங்கநாயகி அதற்குப் பதில் சொல்லவில்லை. பதில் கிடைக்காத கேள்விகள் போய்விடுவதில்லை. எங்காவது ஓர் ஓரமாக உட்கார்ந்து காத்திருக்கும். இந்தக் கேள்வி கோயம்புத்தூர் கணபதியில், ஒரு லேத்துப் பட்டறைக்கு அடுத்த வீட்டின் முன்னறையில் காத்திருந்தது. தொண்ணூற்றாறாம் வருஷம் தை மாதத்து வெள்ளிக்கிழமை அது. இன்னும் பத்து நாளில் ரங்கநாயகிக்குக் கல்யாணம்.

முப்பத்தைந்து வயதில் கல்யாணம். ஜாதகத்தில் செவ்வாய் என்று பத்து வருஷம் போயிற்று. அப்பா போய்ச் சேர்ந்ததில் இரண்டு வருஷம், தோப்புப் பாகப் பிரிவினையில் ஐந்து வருஷம். கடைசியில் பெருந்துறையில் ஒரு கம்பெனியில் மேனேஜராக இருக்கும் வெங்கடபதி வந்தார். மனைவியை இழந்தவர், சாது, அதிர்ந்து பேசாதவர். காரமடை ரங்கநாதர் கொடுத்த வரன் என்று ரங்கநாயகி நம்பினாள். ஆனால் குளிக்கும்போது தன் உடம்பில், யாரும் பார்க்காத இடத்தில், இரண்டு நரைமுடியைக் கண்டுவிட்டாள். அன்றிலிருந்து அவளுக்குத் தூக்கமில்லை.

பம்பாயிலிருந்து கல்யாணத்துக்காக வந்திருந்த தங்கை ஹேமலதாவிடம் அதை எப்படியோ சொல்லிவிட்டாள். தங்கை சிரித்தாள்.

"இதுக்குப் போயி அழுவாங்களாக்கா? பம்பாயில கல்யாணப் பொண்ணுங்க அல்லாரும் வேக்ஸ் பண்ணிக்கிறாங்க. மேலயும் கீழயும் அல்லாந்தான். கணபதியில ஒருத்தி இருக்கா, கை சுத்தம், வாயும் சுத்தம்னாங்க. பக்கத்து எஸ்டிடி பூத்துக்குப் போன் போட்டுச் சொல்லிப்போட்டேன். உன் பேரைச் சொன்னா நாளைக்கு ஊரெல்லாம் தெரியும்னு என் பேரைக் குடுத்திருக்கேன்."

"கண்ட பொம்பளை முன்னாடி நான் எப்படிடி..."

"ஆஸ்பத்திரில காட்ட மாட்டியா? அந்த மாதிரிதான்."

தங்கை அவளை ஆட்டோவில் கொண்டுவந்து இறக்கிவிட்டு, ரவிக்கை வாங்கி வருகிறேன் என்று டெய்லர் கடைக்குப் போய்விட்டாள். வாசலில் சின்னப் பலகை. 'கயல்விழி அழகு நிலையம். பெண்களுக்கு மட்டும். செவ்வாய் விடுமுறை.' ரங்கநாயகி இரண்டு முறை தெருவை முன்னும் பின்னும் பார்த்தாள். பட்டறைக்காரன் ஒருவன் நிமிர்ந்து பார்த்தான். அவன் எதையும் நினைத்திருக்க மாட்டான். ஆனாலும் அவளுக்கு உச்சியிலிருந்து வியர்த்தது.

"ஹேமலதாக்காங்களா? வாங்க வாங்க, உள்ளார வாங்க. செருப்ப அக்கட்டால போட்டுருங்க."

இருபத்தேழு இருபத்தெட்டு வயதுப் பெண். மாநிறம், இறுக்கிப் பின்னிய சடை, இரண்டு கையிலும் முழங்கை வரை வளையல் இல்லை. பேச்சில் தேன் போல ஒரு இழைவு. ரங்கநாயகி "ஆமாங்க" என்றாள். முதல் பொய் அது. சின்னப் பொய்தான். ஆனால் பொய் என்பது படியேறி வருகிற விருந்தாளி மாதிரி. ஒன்று வந்தால் தன் சொந்தக்காரர்களையும் கூட்டிக்கொண்டு வரும்.

திரைச்சீலைக்குப் பின்னால் உயரமான கட்டில், வெள்ளை விரிப்பு. ஓரத்தில் கரண்ட் அடுப்பில் ஓர் அலுமினியச் சட்டி. அதில் சர்க்கரையும் எலுமிச்சஞ்சாறும் காய்ச்சிய பாகு. கம்பிப் பதம் தாண்டி, தேன் நிறத்தில் இருந்தது. பக்கத்தில் பழைய வேட்டியைக் கிழித்து விரற்கடை அகலத்தில் வெட்டி அடுக்கிய துணிப் பட்டைகள்.

"மொதத் தடவைங்களா?"

ரங்கநாயகி தலையை மட்டும் ஆட்டினாள்.

"அப்படின்னா என்ன செய்வேன்னு முன்னாடியே சொல்லிப்போடறேன். தெரியாம படுத்திருந்தாத்தான் பயம். மொதல்ல கத்திரியில கொஞ்சம் கொறைச்சுக்குவேன். பொறவு பாகு. என் மணிக்கட்டுல வெச்சுப் பாத்துட்டுத்தான் உங்களுக்கு வெப்பேன், சுடாது. முடி மொளைக்கற பக்கமாத் தடவி, துணி போட்டு அமுக்கி, எதிர்ப்பக்கமா ஒரே இழு. அந்த ஒரு நிமிசம் நோவும். இல்லைன்னு சொல்ல மாட்டேன். கையெடுத்து அமுக்கிட்டா அடங்கிப் போயிரும். வேலை நடக்கற எடம் மட்டுந்தான் தொறந்திருக்கும், மத்ததெல்லாம் துண்டு போட்டு மூடியிருக்கும். வேண்டாம்னு தோணுச்சுன்னா கையத் தூக்குங்க, அங்கயே நிறுத்திருவேன். வேலை செய்யறப்ப உங்க மூஞ்சியப் பாக்க மாட்டேனுங்க. பாத்தா கூசும்."

ரங்கநாயகி அந்தக் கடைசி வார்த்தையில் கொஞ்சம் தெம்பு பெற்றுப் படுத்தாள். கண்ணை இறுக மூடிக்கொண்டாள். 'ரங்கா, ரங்கா' என்று உதடு அசைந்தது. இந்த இடத்தில் சுவாமி பேரைச் சொல்லலாமா என்று தோன்றியதும் அதையும் நிறுத்திக்கொண்டாள்.

பாகு இதமான சூட்டில் படிந்தது. துணி அமுங்கியது. ஒரே இழு. வலிக்கவில்லை. துணி வழுக்கிக்கொண்டு வந்துவிட்டது. முடி இருந்த இடத்திலேயே இருந்தது. பாகு மட்டும் தோலில் பிசுபிசுவென்று அப்பிக்கொண்டது.

"ஏனுங்க," என்றாள் அந்தப் பெண், "காத்தால எண்ணெ வெச்சுத் தண்ணி வாத்துக்கிட்டீங்களா?"

"வெள்ளிக்கெழமையில்லீங்களா," என்றாள் ரங்கநாயகி மெல்ல. "இப்படியொரு எடத்துக்கு வர்றமே, சுத்தமா வரணும்னு... உச்சியிலருந்து உள்ளங்கால் வரைக்கும் தேச்சுக் குளிச்சேன்."

அந்தப் பெண் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். "தோசைக்கல்லுல எண்ணெ தாராளமா இருந்தா மாவு எப்படிங்க ஒட்டும்? தப்பு என்மேலதான், வந்ததும் கேட்டிருக்கோணும். எந்திரிக்காதீங்க. இப்படியே எந்திரிச்சா சேலையெல்லாம் பாகாயிரும். நானே கழுவி உட்டர்றேன்."

வெந்நீர் வந்தது. கடலைமாவு வந்தது. யாரோ ஒரு பெண் தன்னைக் குழந்தையைக் கழுவுவது போலக் கழுவ, முப்பத்தைந்து வயது ரங்கநாயகி கூரையைப் பார்த்துக்கொண்டு கிடந்தாள். வெட்கம் காதில் சூடாக இரைந்தது. அவள் சுத்தத்துக்காகச் செய்த காரியமே அவளை இந்தக் கோலத்தில் கொண்டுவந்து கிடத்தியிருந்தது.

அப்போது பின்கட்டிலிருந்து ஒரு குரல் வந்தது.

"கயலு... பால்காரன் வந்துபோட்டுப் போயிட்டான். பாலு அடுப்புல இருக்குது."

வார்த்தைகளின் கடைசியில் ஓர் இருமல். ஓடு உடைவது மாதிரி இரண்டு தட்டு, பிறகு ஒரு நீள மூச்சு. ரங்கநாயகியின் உடம்பு கட்டிலில் விறைத்தது. அப்பாவின் தொண்டாமுத்தூர்த் தோப்பில் விடியற்காலையில் மடை திறக்கும்போது கேட்ட இருமல் அது.

"இருங்கப்பா, ஆளிருக்குது. இக்கட்டால வராதீங்க," என்று கத்திவிட்டு அந்தப் பெண் குரலைத் தணித்தாள். "எங்கப்பாங்க. மாசாணம்னு பேரு. பவுண்டரியில வேலை பாத்தாரு, இப்ப ஊட்டோட இருக்காரு. அதுக்கு முந்தி தொண்டாமுத்தூருப் பக்கம் ஒரு தோப்புல இருந்தோம்."

மாசாணத்தின் பிள்ளை.

அந்தப் பிள்ளையின் பெயர் கயல்விழி என்பதே ரங்கநாயகிக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது. அவர்கள் வீட்டில் யாரும் அதைக் கேட்டதில்லை. 'மாசாணம் புள்ள'. அவ்வளவுதான். அவர்கள் வீட்டில் தபால்காரருக்கு 'ங்க' உண்டு, பால்காரருக்கு உண்டு, சந்தையில் கத்திரிக்காய் விற்கிறவருக்கும் உண்டு. கொங்கு நாட்டில் அது மூச்சு விடுவது மாதிரி. மாசாணத்துக்கு மட்டும் கிடையாது. அவளைவிட முப்பது வயது மூத்தவரை அவள் "மாசாணா, தேங்கா எறக்கு" என்றுதான் சொல்லி வளர்ந்தாள்.

அந்த நாள் அப்படியே வந்து நின்றது.

எழுபத்தாறாம் வருஷம். முந்தின இரவு யானைகள் இறங்கி வாழையை மிதித்திருந்தன. பெரியவர்கள் எல்லோரும் அதைப் பார்க்கப் போயிருந்தார்கள். பதினைந்து வயது ரங்கநாயகி தோப்பில் தனியாகப் பூ பறித்துக்கொண்டிருந்தாள். நாள் கணக்குத் தப்பி, வெளிர்பச்சைப் பாவாடையின் பின்பக்கம் சிவந்துவிட்டது. வீட்டுக்குப் போக வேண்டுமானால் களத்தைத் தாண்ட வேண்டும். களத்தில் பாரஸ்ட்டுக்காரர்களும் ஊர் ஆண்களும் கூட்டமாக நின்றார்கள். அவள் தென்னையில் சாய்ந்து நின்று அழுதாள்.

மாசாணம் பிள்ளை அங்கே அப்பனின் பச்சைக் கரைப் புதுத் துண்டைச் சேலையாகச் சுற்றிக்கொண்டு ஒற்றையாக விளையாடிக்கொண்டிருந்தது. ஆனைமலை மாசாணியம்மன் கோயிலுக்குக் கட்டிப் போக எடுத்து வைத்த துண்டு. பிள்ளை வந்தது, பார்த்தது, எதுவும் கேட்கவில்லை. துண்டை அவிழ்த்து நீட்டியது. துண்டு சின்னது, இடுப்பைச் சுற்றி வந்து பின்னால் நிற்கவில்லை. பிள்ளை தன் சட்டையிலிருந்த ஊக்கைக் கழற்றியது. குத்துவதற்கு முன் கையை இழுத்துக்கொண்டு கேட்டதுதான் அந்தக் கேள்வி.

"நாந் தொட்டா உங்களுக்கு நோவுமுங்களா, சின்னம்மணி? தொடக் கூடாதுன்னு எங்கப்பன் சொல்லியிருக்குது."

பதில் வராததால் பிள்ளையே துணிந்து குத்திவிட்டது. பிறகு அவளுக்குப் பின்னாலேயே ஒட்டி நடந்து, அத்தனை ஆண்களின் கண்ணிலிருந்தும் அவளை மறைத்துக் கொண்டுவந்து விட்டது.

வாசலில் அம்மா நின்றாள். "இது யாரு துண்டு?" என்றாள், எல்லோர் முன்னாலும். ரங்கநாயகி எப்படிச் சொல்வாள்? கூட்டமே திரும்பிப் பார்த்தது. வாயில் வந்ததைச் சொன்னாள்.

"நான் சும்மா நின்னேன். மாசாணம் புள்ள தானா வந்து மேல கட்டிப்போட்டா."

மாசாணம் கூட்டத்திலிருந்து ஓடிவந்தார். கிடந்த தென்னை மட்டையை எடுத்தார். "ஏன் தொட்டே? சொல்லு, ஏன் தொட்டே?" என்று கேட்டுக் கேட்டு அடித்தார். ஒரே ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அடி நின்றிருக்கும். அந்தப் பிள்ளை அந்த வார்த்தையைச் சொல்லவில்லை. ரங்கநாயகியைப் பார்த்துக்கொண்டே அடி வாங்கியது. துண்டைப் பின்வாசலில் போட்டுக் கொளுத்தினார்கள். அடுத்த மாதம் அந்தக் குடும்பம் தோப்பை விட்டுப் போய்விட்டது.

"தொடச்சாச்சுங்க. இப்பப் பவுடர் போடறேன்," என்றாள் கயல்விழி.

கையைத் தூக்கி நிறுத்திவிட்டு ஓடிவிடலாமா? எந்த முகத்தோடு ஓடுவது? அடையாளம் தெரிந்துவிட்டதா? தெரிந்திருந்தால் ஏன் இவ்வளவு பக்குவமாகத் துடைக்கிறாள்? ரங்கநாயகிக்குத் தான் அம்மணமாகக் கிடப்பது அப்போது வெட்கமாகவே படவில்லை. இதைவிட அசிங்கமான ஒன்று மூடாமல் கிடப்பது போலிருந்தது. அதை மூட எந்தத் துண்டும் பத்தாது.

"பயந்து இறுக்கிக்கறீங்க. தொட்டா நோவாதுங்க," என்றாள் கயல்விழி. "இழுக்கறப்பத்தான் நோவும்."

அவள் இழுத்தாள். ரங்கநாயகியின் கண்ணில் நீர் தெறித்தது. உடனே உள்ளங்கை வந்து அழுத்தியது. சொன்னபடியே அடங்கியது. மறுபடி பாகு, துணி, இழு. மறுபடி அந்த உள்ளங்கை. ரங்கநாயகி அழ ஆரம்பித்தாள். சத்தமில்லாமல், காது வழியே கண்ணீர் விரிப்பில் இறங்க அழுதாள்.

"அழுதுக்கங்க. இந்த ரூமுல அழுவாதவங்களே கிடையாது. போன வாரம் ஒரு டாக்டரம்மா, எங்க வம்சத்தையே திட்டிப்போட்டாங்க."

அழுகைக்கு நடுவே ரங்கநாயகிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அது அவளை இன்னும் வெட்கப்படுத்தியது.

முடிந்ததும் கயல்விழி குளிர்ந்த சோற்றுக்கற்றாழைச் சோற்றைத் தடவினாள். "பொட்டுப் பொட்டா ரத்தங் கண்டிருக்குதுங்க. வேருல இருந்து வர்றதால அப்படித்தான் இருக்கும், இன்னைக்கே நின்னுரும். ரெண்டு நாளைக்கு வெந்நி ஊத்தாதீங்க, சோப்பு வேண்டாம். பருத்தித் துணியே கட்டுங்க. அரிச்சாலும் சொறியக் கூடாது." சொல்லிக்கொண்டே ஒரு துண்டை எடுத்து இடுப்புக்குக் கீழே போர்த்திவிட்டு, சேலை கட்டிக்கொள்ள வசதியாகத் திரைக்கு வெளியே போனாள்.

ரங்கநாயகி கட்டிக்கொண்டு வெளியே வந்தாள். சொல்லிவிட வேண்டும் என்று வந்தாள். ஆனால் வாயில் ஒரு தடங்கல். இத்தனை நேரம் அறியாமல் இவளுக்கு 'ங்க' போட்டுப் பேசியாயிற்று. இப்போது அறிந்து, அந்த 'ங்க' நாக்கில் ஒரு கணம் நின்று யோசித்தது. யோசித்ததே என்று அவளுக்குத் தன்மேலேயே அருவருப்பு வந்தது.

"போயிட்டு வாரேனுங்க," என்று மட்டும் சொன்னாள்.

"இன்னொருக்கா வர்றதா இருந்தா செவ்வாக்கிழம மட்டும் வந்திராதீங்க. அன்னைக்கு டவுன்ஹாலுக்குச் சாமான் வாங்கப் போயிருவேன், அப்பா மட்டுந்தான் இருப்பாரு." கயல்விழி பாகுச் சட்டியைக் கழுவிக்கொண்டே, முகத்தைப் பார்க்காமலே சொன்னாள். "படி வழுக்கும். பாத்துப் போங்க, சின்னம்மணி."

ஆட்டோவில் தங்கை என்னென்னவோ கேட்டாள். ரங்கநாயகியின் காதில் எதுவும் விழவில்லை.

எப்போது கண்டுகொண்டாள்? வாசலிலேயா? கழுவும்போதா? எப்போதானாலும் சரி, கையில் சுடு பாகு இருந்தது, அவமானப்படுத்த வாய் இருந்தது. இரண்டையும் அவள் மணிக்கட்டில் ஆற்றிப் பார்த்துத்தான் வைத்தாள். மன்னித்துவிட்டேன் என்று சொல்லக்கூட இல்லை. நன்றாகக் கழுவினாள், அவ்வளவுதான். சில மனிதர்களிடம் கடவுள் இப்படித்தான் வேலை வாங்குகிறார் போலும், பேசவிடாமல், கையால்.

அன்று இரவும் ரங்கநாயகி தூங்கவில்லை. நரைமுடி நினைவுக்கே வரவில்லை. கயல்விழியிடம் மன்னிப்புக் கேட்டுவிடலாம். கேட்டால் அவள் "அதெல்லாம் எதுக்குங்க" என்பாள். தன் பாரம் இறங்கிவிடும். அவளுக்கு என்ன கிடைக்கும்? யோசிக்க யோசிக்க ஒன்று தெளிந்தது. தான் கெடுத்தது அந்தப் பிள்ளையின் பேரை. கெடுத்தது அவள் அப்பனிடத்தில். அந்த அப்பன் இன்றைக்கும் தன் மகள் வேண்டாத வேலை செய்து குடும்பத்தைத் தோப்பை விட்டே கிளப்பினாள் என்றுதானே நினைத்துக்கொண்டிருப்பார்?

செவ்வாய்க்கிழமை, ரவிக்கை அளவு சரியில்லை என்று சொல்லிவிட்டு அவள் தனியாகப் பஸ் ஏறினாள். வழியில் சென்னிமலைத் துண்டு விற்கிற கடையில் இறங்கினாள். கடைக்காரர் நீலக்கரை காட்டினார், சிவப்புக்கரை காட்டினார். "பச்சைக்கரை வேணுமுங்க" என்று நின்று, அடியிலிருந்து எடுக்க வைத்தாள்.

அழகு நிலையம் பூட்டியிருந்தது. பக்கச் சந்து வழியே பின்கட்டுக்குப் போனாள். மாசாணம் கயிற்றுக் கட்டிலில் உட்கார்ந்து முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தார். அடையாளம் தெரிந்ததும் பதறி எழுந்தார். தோளில் கிடந்த துண்டு தானாகக் கைக்கு இறங்கியது.

"சின்னம்மணிங்களா! இங்க எங்கீங்க..."

"உக்காருங்க," என்றாள் ரங்கநாயகி. "நீங்க உக்காந்தாத்தான் என்னால சொல்ல முடியுமுங்க."

அந்த 'ங்க' அவரைத் திகைக்க வைத்தது. உட்கார்ந்தார்.

அவள் நின்றுகொண்டே சொன்னாள். பாவாடை, ரத்தம், களத்தில் நின்ற ஆண்கள், துண்டு, ஊக்கு, எதையும் மறைக்கவில்லை. ஓர் ஆண்பிள்ளையிடம், அதுவும் வயதானவரிடம் சொல்கிற பேச்சல்ல அது. முகம் தீப்பிடித்த மாதிரி எரிந்தது. எரியட்டும் என்று சொன்னாள்.

"உங்க புள்ள என்னக் கேட்டுட்டுத்தானுங்க தொட்டா. நான் அழுதுட்டு நின்னேன், மானத்தக் காப்பாத்துனா. நான் பொய் சொல்லிப்போட்டேன். அடி வாங்குனப்பக் கூட என்னக் காட்டிக் குடுக்கல. தப்பு அத்தனையும் என்மேலதானுங்க."

மாசாணம் கீரைக்காம்பு ஒன்றை விரலில் சுற்றிக்கொண்டே இருந்தார். பிறகு இருமினார்.

"கேட்டுக் கேட்டு அடிச்சனுங்களே," என்றார். "வாயத் தொறக்கல பாருங்க. நெஞ்சழுத்தக்காரின்னு நெனச்சேன். அவ கல்யாணத்தன்னைக்குக் கூட அதச் சொல்லிக் காட்டுனேன்." வலது கையைத் திருப்பிப் பார்த்தார். "இந்தக் கைதானுங்க."

ரங்கநாயகி பொட்டலத்தைப் பிரித்து, துண்டை இரண்டு கையாலும் நீட்டினாள். வைத்துவிட்டுப் போகவில்லை. அவர் வாங்கும்வரை நீட்டிக்கொண்டே நின்றாள். அவர் வாங்கியபோது விரல்கள் பட்டன.

"அதே பச்சைக் கரை," என்றார் ஆச்சரியமாக. விரித்துப் பார்த்தார். ஒரு மூலையில் புது ஊக்கு ஒன்று குத்தியிருந்தது. "இதென்னங்க?"

"அது உங்களுக்கில்லீங்க. கயல்விழியுது."

மாசாணம் ஊக்கைக் கழற்றவில்லை. துண்டை அந்த மூலை மேலே வரும்படி மடித்து, மகள் வந்ததும் கண்ணில் படுகிற இடமாகப் பார்த்து, கதவின் உள்பக்கத்து ஆணியில் தொங்கவிட்டார். அவர் திரும்பிப் பார்ப்பதற்குள் ரங்கநாயகி சந்து முனையைத் தாண்டியிருந்தாள்.